பேரப்பிள்ளைக்காகக் கோர்ட் படி ஏறுகிறவர்களுக்கு ஒரு குமாஸ்தா சொல்வது

பிள்ளைக்குத் தம்மைக் காப்பாளராக நியமிக்கக் கேட்கும் கார்டியன் மனு போட வருகிறவர்கள் உட்கார்ந்ததுமே எதிர்த்தரப்பின் குறைகளை அடுக்கத் தொடங்கிவிடுவார்கள். "அந்தச் சித்தப்பன் கண்ணெல்லாம் இன்சூரன்ஸ் பணத்தின் மேல்தான், தம்பி" என்பார் அம்மாவழிப் பாட்டி. வக்கீல் குமாஸ்தாவான நான் கேட்பது வேறு. பிள்ளையைக் காலையில் எழுப்புவது யார்? பள்ளிக்கூடத்தில் விடுவது யார்? காய்ச்சல் வந்தால் எந்த டாக்டர்? இதற்கெல்லாம் தட்டுத்தடுமாறாமல் பதில் வந்தால் மனு பாதி தயார்.

ஏனென்றால் நீதிபதி தேடுவதும் அதைத்தான். இந்து மைனர் மற்றும் காப்பாளர் சட்டம், 1956, தன் 13ஆம் பிரிவில் பிள்ளையின் நலனே தலையாயது என்கிறது. எல்லா மதத்தவருக்கும் பொதுவான 1890ஆம் ஆண்டின் காப்பாளர் சட்டமோ 17ஆம் பிரிவில் ஒரு பட்டியலே தருகிறது: பிள்ளையின் வயது, மதம், கேட்பவரின் குணமும் திறனும், உறவு நெருக்கம், இறந்த பெற்றோரின் விருப்பம், பிள்ளையோடு இதுவரை இருந்த பழக்கம். உறவு நெருக்கம் அதில் ஓர் அம்சம், அவ்வளவுதான். "ஆண்வழிக்குத்தான் பிள்ளை" என்று ஊர்ப் பெரியவர்கள் சொல்லும் தீர்ப்பு அதில் இல்லை.

வசதி இல்லையே என்று தயங்கும் தாத்தா பாட்டிகளுக்கு நான் ஒரு வழக்கைச் சொல்வதுண்டு. 2021இல் பெற்றோர் இருவரையும் கொரோனாவுக்குப் பறிகொடுத்த ஒரு சிறுவனைத் தந்தைவழித் தாத்தா பாட்டியும் தாயின் சகோதரியும் கேட்டார்கள். தாயின் சகோதரி தாத்தா பாட்டியைவிட வயதில் இளையவர், அரசு வேலை, கூட்டுக் குடும்பம். குஜராத் உயர் நீதிமன்றம் அவர் பக்கம் நின்றது. 2022இல் உச்ச நீதிமன்றம் அதை மாற்றிப் பையனைத் தாத்தா பாட்டியிடம் ஒப்படைத்தது. வயது, வருமானம், பெரிய குடும்பம் ஆகியவை மட்டுமே முடிவு செய்யும் காரணமாகிவிட முடியாது என்றது.

தாயோ தந்தையோ உயிருடன் இருந்தால் கதை வேறு. அவர் தகுதியற்றவர் என்று நீதிமன்றம் கருதினால் ஒழிய, இன்னொருவரைக் காப்பாளராக நியமிக்க 1890 சட்டத்தின் 19ஆம் பிரிவு இடம் தராது. ஆனாலும் அது இரும்புக் கதவு இல்லை. மனைவியின் வரதட்சணை மரண வழக்கில் குற்றம் சாட்டப்பட்டிருந்த தந்தையிடம் மகனை ஒப்படைக்கச் சொன்ன உத்தரவை 2008இல் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. பையன் தாய்வழித் தாத்தா பாட்டியிடமே இருக்க விரும்பினான்.

பிள்ளையை வளர்க்கும் பொறுப்பைக் கேட்கும் மனுவைப் பிள்ளை வழக்கமாக வசிக்கும் ஊரின் எல்லைக்குட்பட்ட நீதிமன்றத்தில்தான் போட வேண்டும். பிள்ளையை வைத்துக்கொள்வது பற்றியென்றால் குடும்பநல நீதிமன்றம். சொத்துக்குக் காப்பாளர் என்றால் மாவட்ட நீதிமன்றம். ராத்திரியோடு ராத்திரியாகப் பிள்ளையை வேறு மாவட்டத்துக்குக் கொண்டுபோய் அங்கே மனு போடும் தந்திரத்தை நீதிபதிகள் நிறையப் பார்த்திருக்கிறார்கள். அதைச் செய்தவர் மேல்தான் சந்தேகம் விழும்.

காகிதங்களுக்கு வருவோம். பிறப்புச் சான்றிதழ், பெற்றோரின் இறப்புச் சான்றிதழ், தாசில்தார் தரும் வாரிசுச் சான்றிதழ், படிப்புச் சான்று. நெருங்கிய உறவினர் எல்லோருடைய பெயரும் முகவரியும் மனுவில் வர வேண்டும். பகையாளி மாமனை விட்டுவிட்டால் பின்னால் அவரே வந்து நிற்பார். காப்பாளராகப் போகிறவர் தமக்குச் சம்மதம் என்று கையெழுத்திட்டு, இரண்டு சாட்சிகள் சான்றொப்பம் இட்ட உறுதிமொழியும் வேண்டும். பலர் இதை மறந்து மனு திரும்பி வந்த பிறகு ஓடுகிறார்கள்.

இவற்றைவிட எனக்குப் பிடித்த ஆவணம் ரேங்க் கார்டு. ஒரு வழக்கில் 'பெற்றோர் கையொப்பம்' என்ற கட்டத்தில் ஒவ்வொரு தேர்வுக்கும் பாட்டியின் கோணல் எழுத்து. கடைசி வரியில் மட்டும் சித்தப்பாவின் வழவழப்பான ஆங்கிலக் கையெழுத்து. யார் வளர்த்தது, எப்போது கைமாறியது என்று விளக்க வக்கீலுக்கு வேலையே இருக்கவில்லை. தடுப்பூசி அட்டை, பள்ளிக் கட்டண ரசீது, மருந்துச் சீட்டு, எதையும் எறியாதீர்கள்.

வழக்கு முடியும்வரை பிள்ளை எங்கே இருப்பது என்பதற்கு அதே 1890 சட்டத்தின் 12ஆம் பிரிவில் இடைக்கால மனு போடலாம். உரிமையே இல்லாதவர் பிள்ளையை அடைத்து வைத்திருந்தால் பிள்ளையை நீதிமன்றத்தின் முன் கொண்டுவரச் சொல்லிக் கேட்கும் ஆட்கொணர்வு மனு உயர் நீதிமன்றத்தில் உண்டு. ஆனால் விரிவான விசாரணை தேவைப்படும் சண்டையென்றால் அங்கிருந்தும் காப்பாளர் வழக்குக்கே திருப்பிவிடுவார்கள். செலவை நினைத்து மலைக்க வேண்டாம். பெண்களுக்கும் குழந்தைகளுக்கும் வருமானம் பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு; மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் கேளுங்கள்.

விவரம் தெரிந்த வயதென்றால் நீதிபதி பிள்ளையைத் தம் அறைக்குள் அழைத்துத் தனியாகப் பேசுவார். தயவுசெய்து பாடம் சொல்லிக் கொடுக்காதீர்கள். வராந்தாவில் ஏழு வயதுப் பையன் ஒருவன் தன் சித்தப்பாவை "எதிர்மனுதாரர்" என்று ஒப்பித்துக்கொண்டிருந்ததைக் கேட்டிருக்கிறேன். உள்ளே போய் அதையே சொன்னால் யார் பேச்சு என்று தெரியாதா?

எதிர்த்தரப்பு பிள்ளையைப் பார்க்க எந்த நாள், எந்த நேரம் என்று மனுவில் நீங்களே எழுதிவிடுங்கள். கேட்டு வாங்கும்வரை காத்திருந்தால் உங்கள் மனம் கல் என்று பெயர் வரும். வெளியூரில் இருப்பவருக்கு வீடியோ அழைப்பு ஏற்பாட்டையும் 2020இல் உச்ச நீதிமன்றம் வலியுறுத்தியிருக்கிறது.

பணம்தான் பெரும்பாலான சண்டையின் வேர். மைனர் பெயரில் வரும் தொகையை வங்கியில் வைப்பாகப் போட்டு வைக்க நீங்களே கோருங்கள். பாதிச் சந்தேகம் அங்கேயே அடங்கிவிடும். காப்பாளர் ஆன பிறகும் மைனரின் வீடு, நிலத்தை நீதிமன்ற அனுமதியில்லாமல் விற்கவோ, அடமானம் வைக்கவோ, ஐந்து ஆண்டுக்கு மேல் குத்தகைக்கு விடவோ கூடாது. கணக்கு கேட்டால் காட்ட வேண்டும். பிள்ளையோடு அந்த நீதிமன்ற எல்லையைவிட்டு வெளியூரில் குடியேறுவதற்கும் அனுமதி வேண்டும். வேலை மாற்றலாகிப் போகிறவர்கள் இதைக் கவனிப்பதில்லை.

குடும்பநல நீதிமன்ற உத்தரவை எதிர்த்து உயர் நீதிமன்றம் போக 30 நாள்தான். உத்தரவு வந்த அன்றே அதன் நகல் கேட்டு மனு போட்டுவிடுங்கள்.