அரசு வேலை விண்ணப்பத்தில் தப்பு நேர்ந்தால் சட்டம் என்ன செய்யும்? வேலூர்ப் பக்கத்துப் புதியவர்களுக்கு

தமிழ்நாடு அரசுப் பணியாளர் தேர்வாணையத்தின் (டிஎன்பிஎஸ்சி) குரூப் 4 அறிவிப்பு வந்துவிட்டால் காட்பாடியிலும் குடியாத்தத்திலும் பிரவுசிங் சென்டர்களில் உட்கார இடம் கிடைக்காது. நிரப்புவது கடைக்காரப் பையன்தான். ஆனால் ‘மேற்கண்டவை அனைத்தும் உண்மை’ என்ற உறுதிமொழிக்குப் பொறுப்பு நீங்கள். அதனால் சமர்ப்பிக்கும் முன் திரையைத் திருப்பச் சொல்லி வரிவரியாகப் படியுங்கள்.

படி 1: சான்றிதழோடு ஒப்பிடுங்கள்

பெயர், இனிஷியல், பிறந்த தேதி மூன்றும் பத்தாம் வகுப்புச் சான்றிதழில் உள்ளபடியே இருக்கட்டும். கல்யாணமான பெண்கள் தந்தை பெயரில் உள்ள சாதிச் சான்றிதழைத்தான் தர வேண்டும்; கணவர் பெயரில் வாங்கியது செல்லாது. ஜவ்வாது மலை மலையாளி சமூகத்தவர் என்றால் கோட்டாட்சியர் அளித்த சான்றிதழ் வேண்டும், தாசில்தார் தந்தது போதாது. பழங்குடிப் பட்டியலில் நம் பகுதியின் பழைய மாவட்டப் பெயரான ‘வட ஆற்காடு’ என்றே இன்னும் இருக்கும், குழம்ப வேண்டாம்.

படி 2: சலுகைக் கட்டங்களில் கை வைக்கும் முன்

சறுக்குவது பெரும்பாலும் இங்கேதான். தமிழ்வழி ஒதுக்கீடு 20 விழுக்காடு. 2020 சட்டத் திருத்தத்துக்குப் பிறகு, ஒன்றாம் வகுப்பு முதலே தமிழ்வழியில் படித்திருக்க வேண்டும். ஆம்பூரில் ஐந்தாவது வரை உருது வழியில் படித்துவிட்டு, கல்லூரியைத் தமிழில் முடித்தவர் இதைக் கோர முடியாது. கட்டணச் சலுகையும் அப்படித்தான்: மூன்று முறைதான் இலவசம் என்ற பிரிவினர், அந்த மூன்று வாய்ப்பையும் முடித்த பிறகு மீண்டும் ‘இலவசம்’ என்று டிக் செய்தால் அது பொய்க் கோரிக்கை. விண்ணப்பம் நிராகரிக்கப்படும், அடுத்த தேர்வுகளுக்கும் தடை வரலாம்.

படி 3: வழக்கு இருந்தால் மறைக்காதீர்கள்

எருது விடும் விழாவில் தகராறு, அனுமதியில்லாமல் நடத்தினார்கள் என்று ஊர் இளைஞர்கள் மேல் எஃப்.ஐ.ஆர். நம் பக்கத்தில் இது புதிதல்ல. ‘சின்ன கேஸ்தானே, யாருக்குத் தெரியும்’ என்று ‘இல்லை’ போடுகிறார்கள். தேர்ச்சிக்குப் பின் போலீஸ் சரிபார்ப்பில் அது வெளியே வரும். அப்போது வேலையைப் பறிப்பது வழக்கு அல்ல, மறைத்த குற்றம்.

அவதார் சிங் வழக்கில் 2016-ல் உச்ச நீதிமன்றம் இதை விளக்கியது. மறைத்தது அற்ப விஷயமா, கடுமையான குற்றமா, எந்தப் பதவிக்கு விண்ணப்பித்தார் என்பதையெல்லாம் நிர்வாகம் எடைபோட்டு முடிவெடுக்க வேண்டும். அதாவது கருணைக்கு இடமுண்டு, உத்தரவாதம் கிடையாது. காவலர் தேர்வு இன்னும் கறார்: சந்தேகத்தின் பலனில் விடுதலையானவருக்கும் அங்கே சிக்கல் உண்டு.

போலிச் சான்றிதழ் வேறு உலகம். 2024 ஜூலை 1 முதல் நடப்பில் உள்ள பாரதிய நியாய சன்ஹிதாவின் 318-ஆம் பிரிவில் ஏமாற்றும், 336-ல் போலி ஆவணமும் வருகின்றன. ஏழு ஆண்டு வரை சிறை உண்டு. பொய்யான சாதிச் சான்றிதழில் சேர்ந்தவர் எத்தனை வருடம் வேலை பார்த்திருந்தாலும் பதவியில் நீடிக்க முடியாது என்று 2017-ல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

படி 4: தப்பு தெரிந்ததும்

கடைசித் தேதி முடிந்தபின் டிஎன்பிஎஸ்சி சில நாள் திருத்தச் சாளரம் திறக்கும். அதற்குள் திருத்துங்கள், ரசீதையும் திருத்திய பிரதியையும் அச்சடித்து வையுங்கள்.

சாளரம் மூடிவிட்டதா? வசிஷ்ட நாராயண் குமார் என்ற பீகார் இளைஞரின் வழக்கைத் தெரிந்துகொள்ளுங்கள். காவலர் வேலைக்குப் பிரவுசிங் சென்டரில் விண்ணப்பித்தபோது 18.12.1997 என்ற பிறந்த தேதி 08.12.1997 ஆகிவிட்டது. தேர்ச்சி பெற்றும் நிராகரித்தார்கள். 2024 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் அந்த நிராகரிப்பை ரத்து செய்தது. அந்தப் பிழையால் அவருக்கு எந்த லாபமும் இல்லை என்பதே காரணம். உங்கள் பிழையையும் இந்தக் கேள்வியால் அளந்து பாருங்கள்: மதிப்பெண்ணோ வயதோ ஒதுக்கீடோ கூடுதலாகக் கிடைத்ததா? கிடைத்திருந்தால் ‘கை தவறியது’ என்ற வாதம் எடுபடாது.

நிராகரிப்பு வந்ததும் ஆதாரங்களோடு தேர்வாணையத்துக்கு மனு அனுப்புங்கள். பதில் சாதகமாக இல்லையென்றால் சென்னை உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போடலாம். வேலூர்க்காரர்களுக்குச் சென்னை அமர்வுதான், மதுரை இல்லை. நியமன ஆணைகள் போய்விட்ட பிறகு வழக்கு கடினம், தாமதிக்காதீர்கள். வக்கீலுக்குக் கொடுக்கப் பணமில்லையென்றால் சத்துவாச்சாரி நீதிமன்ற வளாகத்திலுள்ள மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் கேளுங்கள். பெண்களுக்கும், பட்டியல் சாதி, பழங்குடியினருக்கும் வருமான வரம்பின்றி இலவச உதவி உண்டு.