ஃபெர்னான் கோமெஸை எந்தப் படத்தில் தொடங்குவது

ஸ்பானிய நடிகர் ஃபெர்னாண்டோ ஃபெர்னான் கோமெஸை நான் தப்பான பக்கத்திலிருந்து பார்க்கத் தொடங்கினேன். 1940களின் படங்களிலிருந்து வருட வரிசையில் போகலாம் என்று உட்கார்ந்து, மூன்றாவது படத்திலேயே தூங்கிவிட்டேன். மனிதர் நடித்தது ஏறக்குறைய 200 படங்கள். பாதி பிழைப்புக்கு நடித்தது என்பது என் கணிப்பு. அதனால் பின்னாலிருந்து வாருங்கள்.

முதலில் 1999இல் வந்த 'லா லெங்குவா தே லாஸ் மரிபோசாஸ்'. வண்ணத்துப்பூச்சியின் நாக்கு என்று பொருள். 1936, உள்நாட்டுப் போர் வெடிக்கும் நேரம், ஸ்பெயினின் கலீசியாப் பகுதியில் ஒரு சிற்றூர். இவர் கிழட்டு வாத்தியார். வகுப்பில் பிள்ளைகள் கூச்சல் போடும்போது பிரம்பை எடுக்க மாட்டார். நீங்கள் சும்மா இருக்காவிட்டால் நான்தான் சும்மா இருக்கவேண்டும் என்று சொல்லிவிட்டு ஜன்னல் பக்கம் போய் நிற்பார். சத்தம் தானாக அடங்கும். கடைசிக் காட்சியை மட்டும் இரண்டு தடவை பாருங்கள். முதல் தடவை பையனை, அடுத்த தடவை லாரியில் ஏற்றப்படும் வாத்தியாரை. டப்பிங் வேண்டவே வேண்டாம். அந்தக் கரகரத்த குரல் போய்விட்டால் பாதி ஆள் போனமாதிரி.

இரண்டாவது, விக்தோர் எரிசே 1973இல் எடுத்த 'எல் எஸ்பிரிட்டு தே லா கொல்மெனா'. இதில் தேனீ வளர்க்கும் அப்பா. இரண்டு மகள்களையும் காட்டுக்குக் கூட்டிப்போய் எந்தக் காளான் நல்லது, எது விஷம் என்று காட்டுவார். விஷக் காளானைக் காட்டியதும் அதைக் காலால் மிதித்து நசுக்குவார். கூட உட்கார்ந்து பார்த்த என் அப்பா, "ஏம்மா, இவருக்கு வசனமே கிடையாதா?" என்றார். கொஞ்சம்தான் உண்டு, அதற்காகத்தான் இதை இரண்டாவதாக வைக்கிறேன். பேச்சுக்குப் பேர்போனவர் வாயை மூடிக்கொண்டு என்ன செய்கிறார் என்று தெரிந்துகொண்டால், அப்புறம் அவர் எழுதிய படங்களுக்குப் போகலாம்.

எழுத்தில் சிறந்தது 'எல் வியாஹே ஆ நிங்குனா பார்த்தே', எங்கும் போகாத பயணம். வானொலித் தொடராக எழுதி, நாவலாக்கி, 1986இல் அவரே இயக்கிய படம். ஸ்பெயினின் சினிமா விருதான கோயாவின் முதல் விழாவிலேயே சிறந்த படம், இயக்கம், திரைக்கதை மூன்றும் இதற்குத்தான். ஊர் ஊராக நாடகம் போடும் ஒரு குடும்பம், சினிமா வந்து பிழைப்பு போகிறது. குழுவின் கிழவராக இவரே நடித்திருக்கிறார். அவருக்கு ஒரு சினிமாவில் சின்ன வேஷம் கிடைக்கிறது. இயல்பாகப் பேசச் சொல்கிறார்கள். கிழவருக்கோ மேடைக் குரல்தான் வருகிறது. 'செஞோரீட்டோ' (சின்ன எஜமான்) என்ற ஒரு சொல்லை நீட்டி முழக்குகிறார். மறுபடி, மறுபடி. முதலில் சிரித்தேன், நாலாவது தடவை முடியவில்லை.

இதைப் பார்க்கும் முன் ஒன்று தெரிந்திருந்தால் நல்லது. இவர் அம்மா கரோலா ஃபெர்னான் கோமெஸ் நாடக நடிகை. 1921இல் நாடகப் பயணத்தின் நடுவே லிமாவில் இவரைப் பெற்று, பிறப்பைப் பதிந்தது புவனோஸ் அயர்ஸில். வளர்த்தது மத்ரீதில் பாட்டி. அப்பாவும் நடிகர்தான், ஆனால் மகனாக ஏற்கவில்லை. பெயரோடு வருவது அம்மாவின் பெயர். தேடும்போது ஃபெர்னான், கோமெஸ் இரண்டையும் சேர்த்தே போடுங்கள். வெறும் கோமெஸ் என்றால் பாதி ஸ்பெயின் வந்து நிற்கும்.

திரைக்கதை எழுதுகிறவர்கள் 1958இல் இவர் இயக்கிய 'லா வீதா போர் தெலாந்தே'யை விடாதீர்கள். ஒரு விபத்துக்குச் சாட்சி சொல்ல வருபவருக்குத் திக்குவாய். அவர் திக்கத் திக்க, திரையில் ஓடும் விபத்தும் நின்று பின்னால் போய் மறுபடி வருகிறது. வசனத்தை வைத்தே படத்தொகுப்பு செய்திருக்கிறார் மனுஷன்.

கடைசிக்கு 'எல் முந்தோ சீகே'. 1963இல் எடுத்தது. 1965இல் பில்பாவோவில் பேருக்கு ஓட்டி மூட்டைகட்டிவிட்டார்கள். ஒழுங்காகத் திரைக்கு வந்தது 2015இல். இவர் இறந்து எட்டு வருடம் ஆகியிருந்தது. ஒருவரை ஒருவர் வெறுக்கும் அக்கா தங்கை கதை. கால்பந்துப் பந்தயத்தில் பணத்தை விடும் கணவனாக இவர் வருகிறார். இரவில் போடாதீர்கள், தூக்கம் போய்விடும். ஞாயிற்றுக்கிழமை மதியம், சாப்பிட்ட கையோடு போடுங்கள்.