டிப்பர் பிடிபட்டால் செய்யக் கூடாதவை

"பைன் கட்டினா வண்டி வந்துடும்." டிப்பரோ ஜேசிபியோ பிடிபட்ட அன்று, உரிமையாளரிடம் யாராவது ஒருவர் இப்படிச் சொல்லாமல் இருக்க மாட்டார். சிலருக்கு வண்டி அப்படி வந்தும் இருக்கிறது. அதனாலேயே அனுமதியில்லாமல் மணல், மண், கல் எடுத்த வழக்குகளில் இந்தப் பேச்சை நம்பிப் பலர் மாட்டிக்கொள்கிறார்கள்.

இந்தியாவில் இதற்கான மூலச் சட்டம், 1957ஆம் ஆண்டின் சுரங்கங்கள் மற்றும் கனிமங்கள் சட்டம். ஆற்று மணலும் சாதாரணக் களிமண்ணும்கூட அதன் கணக்கில் சிறு கனிமங்கள்தான். குத்தகை உரிமம் இல்லாமல் தோண்டினாலோ, விதிமீறி ஏற்றிச் சென்றாலோ, இருப்பு வைத்தாலோ 5 ஆண்டுகள் வரை சிறை. கூடவே ஹெக்டேருக்கு 5 லட்சம் ரூபாய் வரை அபராதம். 2015 திருத்தத்துக்குப் பிறகு வந்த அளவு இது. அள்ளிய மணலை விற்றுவிட்டால் அதன் விலையையும் அரசு வசூலிக்கலாம். இது அந்த அபராதத்தில் சேராது, தனிக் கணக்கு.

சரி, கனிமவளத் துறையிடம் பணம் கட்டிச் சமரசம் செய்துகொள்ளச் சட்டத்தில் வழி இல்லையா? 23ஏ பிரிவில் இருக்கிறது. ஆனால் அது கனிமச் சட்ட வழக்கை மட்டுமே முடிக்கும். அரசுக்குச் சொந்தமான மணலை எடுத்தது திருட்டும்தான், அதற்குத் தனியாக வழக்குப் போடலாம் என்று உச்ச நீதிமன்றம் 2014இல் சொல்லிவிட்டது. சமரசத் தொகை கட்டியதாலேயே திருட்டு வழக்கு போய்விடாது என்பது 2020இல் வந்த தீர்ப்பு. ரசீதைப் பத்திரமாக வையுங்கள், ஆனால் அதை விடுதலைப் பத்திரமாக நினைக்காதீர்கள்.

அடுத்தது, "என் பட்டா நிலம், என் மண்" என்ற வாதம். நிலம் உங்களுடையதாக இருப்பது வேறு, அதிலிருந்து மண் வெட்டி விற்க அனுமதி இருப்பது வேறு. பள்ளம் நிரப்ப உதவும் சவுடு மண்ணுக்கு அனுமதி வாங்கி, அடியில் மணல் தட்டுப்பட்டதும் அதை அள்ளுவதும் இதே ரகம். ஏற்றிச் செல்லும் ஒவ்வொரு நடைக்கும் தரப்படும் அனுமதிச் சீட்டான நடைச்சீட்டும் அப்படித்தான். அதில் வண்டி எண், தேதி, நேரம், அளவு எல்லாம் இருக்கும். ஒரே சீட்டில் மூன்று நடை அடித்தால், குவாரிக்கு உரிமம் இருந்தும் வண்டி மாட்டும்.

இயந்திரத்தை மணிக்கணக்கில் வாடகைக்கு விடுபவர்களின் நிலைதான் பரிதாபம். "அங்கே என்ன தோண்டினார்கள் என்று எனக்குத் தெரியாது" என்பார்கள். உண்மையாகவே தெரியாமலும் இருக்கலாம். ஆனால் அனுமதியின்றித் தோண்டப் பயன்பட்ட கருவி என்றாலே 21ஆம் பிரிவின்படி கைப்பற்றலாம். யாருடையது என்ற பேச்சு அப்புறம்தான். அதனால் அனுமதி ஆணையின் நகலைப் பார்த்து, அதிலுள்ள சர்வே எண்ணை வாடகை ஒப்பந்தத்தில் எழுதி வாங்காமல் வண்டியை அனுப்ப வேண்டாம். வண்டியை விற்ற பின்னும் ஆர்சி புத்தகம் பழைய பெயரிலேயே இருந்தால், நோட்டீஸ் பழைய ஆளைத்தான் தேடி வரும்.

"டிப்பர் பறிமுதல்" என்று நாளிதழில் பார்த்ததும் எல்லாம் முடிந்தது என்று கைவிடுவது இன்னொரு தவறு. அன்று நடந்திருப்பது பெரும்பாலும் கைப்பற்றல் மட்டுமே. கனிமச் சட்டத்தின்படி வண்டி நிரந்தரமாக அரசுடைமையாக நீதிமன்ற உத்தரவு வேண்டும். அதற்குள் செய்ய வேலை இருக்கிறது. முதலில் மகஜர் (கைப்பற்றியபோது எழுதும் பதிவு) நகலை வாங்குங்கள். டயர், பேட்டரி, கிலோமீட்டர் அளவு அதில் பதிவாகியிருக்கிறதா என்று பாருங்கள். பிறகு வழக்கறிஞர் மூலம் இடைக்கால விடுவிப்பு மனு. கைப்பற்றிய வண்டிகளைக் காவல் நிலைய வளாகத்தில் நெடுங்காலம் போட்டுவைக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றமே 2002இல் கூறியிருக்கிறது. மனு போடாமல் காத்திருந்தால் வண்டி மழையில் துருப்பிடிக்கும், மாதத் தவணையும் நிற்காது.

மனு ஏற்கப்பட்டாலும் வண்டி முழுதாக உங்கள் கைக்கு வந்துவிட்டதாக எண்ண வேண்டாம். பிணைப்பத்திரம் கேட்பார்கள், விற்கக் கூடாது, உருவத்தை மாற்றக் கூடாது, அழைக்கும்போது கொண்டுவர வேண்டும் என்று நிபந்தனைகள் போடுவார்கள். வண்டி கிடைத்த சந்தோஷத்தில் பாடியை மாற்றிப் பெயிண்ட் அடித்தவர், நீதிமன்றம் வண்டியைக் கேட்கும் நாளில் அதற்கும் சேர்த்துப் பதில் சொல்ல வேண்டியிருக்கும்.