யானோவிச் யெனோ படங்கள தேடிப் பாக்குறது எப்படி

ஹங்கேரி ஊமைப்படத்துல கதை எழுதி, நடிச்சு, டைரக்ட் பண்ணி, கம்பெனியும் நடத்தின ஒருத்தர் வேணும்னா யானோவிச் யெனோதான், ஆனா பேர மட்டும் தட்டினா பாதிதான் கிடைக்கும். எழுதும்போது 'J' (Janovics Jenő), வாயில சொல்றப்போ 'ய'. ஹங்கேரிக்காரங்க குடும்பப் பேர முன்னாடி போடுவாங்க, வெளிநாட்டு சைட்ல அது பின்னாடி போயிடும், ரெண்டு மாதிரியும் தேடுங்க. ஊரும் அப்படித்தான், அவர் படம் எடுத்த கொலொஷ்வார் முதல் உலகப்போருக்கு அப்புறம் ருமேனியாவுக்குப் போயிடுச்சு, இப்போ க்ளூஜ்-நபோகா, அதையும் சேத்து தேடுனாதான் பழைய போட்டோ எல்லாம் வரும்.

இவர் அடிப்படையில நாடகக்காரர், தன் தியேட்டர் நடிகர்களையே வச்சு 1913ல ஆரம்பிச்சு 1920 வரைக்கும் அங்க படங்கள் எடுத்தார். மிஞ்சினது விரல் விட்டு எண்ணலாம், அதனால முழு லிஸ்ட்டையும் பாக்கணும்னு உக்காராதீங்க.

முதல்ல 1914ல வந்த 'தோலோன்ட்ஸ்' பாருங்க, இங்கிலீஷ்ல 'தி அன்டிசையரபிள்'னு போட்டா வரும். ரொம்ப காலம் தொலைஞ்சு போய் நியூயார்க்ல ஒரு ஹங்கேரியன் சங்க பேஸ்மென்ட்ல கிடைச்ச படம் இது. டைரக்டர் கெர்தேஸ் மிஹாய், பின்னாடி 'காஸப்ளாங்கா' எடுத்த அதே மைக்கேல் கர்டிஸ், அதனால எங்க பாத்தாலும் அவர் பேருதான் பெருசா இருக்கும், தோத் எதே எழுதின நாடகத்த திரைக்கதையாக்கின நம்ம ஆள் பேரு ஓரத்துல கிடக்கும் (எனக்கு இது கொஞ்சம் கடுப்புதான்). டவுனுக்கு வேலைக்குப் போன பொண்ணு மேல திருட்டுப் பழி விழுந்து ஊருக்கு துரத்துறாங்க, ஜெயில்லேர்ந்து வந்த அம்மா வேற, இவ்வளவு தெரிஞ்சுக்கிட்டு உக்காந்தா போதும். அம்மாவா வர்ற யாசாய் மரி பெரிய மேடை நடிகை, கை வீச்சும் கண் உருட்டலும் முதல்ல ஓவரா தெரியும், பத்து நிமிஷம் பொறுங்க.

எந்த ஊமைப்படத்துலயும் ஆளுங்க சாவி கொடுத்த பொம்மை மாதிரி ஓடினா ஸ்பீட 0.75க்கு குறைச்சுடுங்க, அப்போ செகண்டுக்கு 24 ஃப்ரேம் கிடையாது, பெரும்பாலும் கம்மிதான்.

அடுத்து 1920ல வந்த 'விலாக்ரேம்', சிபிலிஸ்ங்கிற பால்வினை நோய் பத்தின விழிப்புணர்வுப் படம், எழுதி இயக்கினதோட யானோவிச்சே நடிச்சும் இருக்கார். பசங்களோட பாக்க வேணாம். யாரு டைரக்டர், யாரு எழுத்துன்னு சந்தேகம் வந்தா ஃபேன் பேஜ நம்பாம ஹங்கேரி தேசிய ஃபிலிம் இன்ஸ்டிட்யூட் ஆர்க்கைவ்ல ஒரு தடவ பாத்துடுங்க, ஹங்கேரியன்ல இருந்தாலும் ட்ரான்ஸ்லேட் போட்டா புரிஞ்சிடும்.