ஐரோப்பியத் தேவாலயத்தின் காலத்தை ஜன்னலை வைத்தே சொல்லலாம்

ஐரோப்பாவில் பழைய தேவாலயம் எதற்குள் போனாலும் முதலில் ஜன்னல் வளைவின் உச்சியைப் பாருங்கள்: அரைவட்டமாக இருந்தால் பெரும்பாலும் 11, 12ஆம் நூற்றாண்டு ரோமனெஸ்க் என்ற கட்டடப் பாணி, கூராக முடிந்தால் அதற்குப் பின் வந்த கோதிக் பாணி. ஆடியோ கைடுக்குக் காசு கொடுக்காமலே பாதி விஷயம் புரிந்துவிடும்.

காரணம் எடைதான். அரைவட்ட வளைவு பாரத்தைப் பக்கவாட்டில் அதிகம் தள்ளும், அதைத் தாங்கச் சுவர் தடிமனாக இருக்கவேண்டும், தடித்த சுவரில் பெரிய ஜன்னல் வைக்க முடியாது, அதனால் உள்ளே இருட்டு. கூர்வளைவு பாரத்தைக் கூடுதலாகக் கீழ்நோக்கி இறக்கும், மிச்சத் தள்ளலை வெளியே நிற்கும் தாங்குவளைவுகள் வாங்கிக்கொள்ளும், சுவர் முழுக்க வண்ணக் கண்ணாடி வைக்கலாம். பாரிஸ் அருகே செயின்ட் டெனி தேவாலயத்தில் 1140களில் கோதிக் பாணி முதலில் உருவம் பெற்றது.

ஒரே கட்டடத்தில் இரண்டும் இருந்தால் குழம்பவேண்டாம். பிரான்சில் மோன் செயின்ட் மிஷேல் மடாலயத் தேவாலயத்தில் நடுக்கூடம் ரோமனெஸ்க். பலிபீடப் பக்கம் 1421இல் இடிந்து விழுந்ததால் அதை மட்டும் கோதிக்கில் திரும்பக் கட்டினார்கள்.

மறுமலர்ச்சிக் காலக் கட்டடங்களுக்கு இது உதவாது, அங்கேயும் அரைவட்டம்தான், ஆனால் தூண்கள் ஒல்லியாக, கிரேக்க ரோமானிய பாணியில் இருக்கும். அப்புறம் 19ஆம் நூற்றாண்டில் கோதிக்கை வேண்டுமென்றே நகலெடுத்தார்கள்: லண்டன் நாடாளுமன்றம், நம் சென்னை சாந்தோம் எல்லாம் அந்த வகை. அங்கே கூர்வளைவைப் பார்த்துவிட்டு இடைக்காலம் என்று சொல்லிவிடாதீர்கள்.