டர்பனிலிருந்து திரைப்பட அரங்க வடிவமைப்புத் தொழிலுக்குள் நுழைவது எப்படி

திரையில் தெரியும் வீடும் கடையும் தெருவும் எப்படி இருக்க வேண்டும் என்று முழுமையாகத் தீர்மானிப்பவர் புரொடக்‌ஷன் டிசைனர். அந்த வீட்டுக்குள் நாற்காலி முதல் நாள்காட்டி வரை எது, எங்கே, எந்த நிலையில் இருக்க வேண்டும் என்று தேடி நிரப்புபவர் செட் டெக்கரேட்டர். ஆஸ்கரில் இத்துறைக்கான விருது இருவருக்கும் சேர்த்தே வழங்கப்படுகிறது. டர்பன் தமிழ் இளைஞர்கள் இரண்டாவது வேலையிலிருந்து தொடங்குவதே நல்லது என்பது என் கருத்து, ஏனெனில் அதற்கு வேண்டிய அறிவில் பாதி நம் பாட்டிமார் வீடுகளில் இருக்கிறது.

திரைக்கதை கைக்கு வந்ததும் காட்சி காட்சியாகப் பிரித்து, இடம், ஆண்டு, அங்கு வாழ்பவரின் வருமானம், நடிகர் கையில் எடுக்கும் பொருள் ஆகியவற்றைத் தனித்தனியே எழுதிக்கொள்ள வேண்டும். ஆண்டில்தான் பெரும்பாலான தவறுகள் நேர்கின்றன. 1974இல் நடக்கும் ஒரு வரவேற்பறையில் நான் தொலைக்காட்சிப் பெட்டி ஒன்றை வைத்துவிட்டேன். வேடிக்கை பார்க்க வந்த ஒரு பாட்டி, "அப்போ நம்ம நாட்டுல டிவியே இல்லையே, ஐயா" என்றார். தென்னாப்பிரிக்காவில் தொலைக்காட்சிச் சேவை முறையாகத் தொடங்கியது 1976 ஜனவரி 5 அன்றுதான். அதுபோலவே, 1961 பிப்ரவரியில் ராண்ட் வருவதற்கு முந்தைய, டர்பன் இந்தியர்களின் கடைவீதியான கிரே தெருக் கடை என்றால் விலைச்சீட்டுகள் பவுண்டிலும் ஷில்லிங்கிலும் பென்ஸிலும் இருக்க வேண்டும். டர்பனின் கேட்டோ மேனர் பகுதியில் தகரமும் பலகையும் கொண்ட வீட்டையும், குடியிருப்புகளை இனவாரியாகப் பிரித்த குழுப் பகுதிச் சட்டத்தால் வெளியேற்றப்பட்ட குடும்பங்கள் பின்னர் குடியேறிய சாட்ஸ்வொர்த் வீட்டையும் ஒன்றாகக் காட்டுவது, இடம்பெயர்ந்தவர்களின் இழப்பையே மறைத்துவிடும். ஐயம் எழுந்தால் குவாசுலு-நட்டால் பல்கலைக்கழகத்தின் வெஸ்ட்வில் வளாகத்திலுள்ள காந்தி-லுத்துலி ஆவண மையத்தின் பழைய படங்களையும், உறவினர்களின் திருமண ஆல்பங்களில் மணமக்களுக்குப் பின்னால் தெரியும் சுவர்களையும் பாருங்கள்.

அடுத்தது பொருள்களுக்கு வயது ஏற்றும் கைவேலை. தச்சர் புதிதாகச் செய்து தந்த சாமியறைக் கதவில், கை படும் இடத்தை மட்டும் உப்புத்தாளால் தேய்த்து, கைப்பிடியைச் சுற்றி நீர்த்த பழுப்பு வண்ணத்தைப் பூசி, காயும் முன் ஈரத்துணியால் துடைத்தெடுத்தால், பல ஆண்டு கையழுக்கு அங்கே படிந்துவிடும். விளக்குக்கு மேலே கரி நாக்குப் போலக் குறுகி ஏற வேண்டும். சுவர் முழுவதும் பூசினால் தீவிபத்து நடந்த வீடாகத் தெரியும்.

படிக்க விரும்புவோருக்கு டர்பனிலேயே ஆஃப்டா திரைப்படக் கல்லூரியின் வளாகம் உண்டு. கட்டடக்கலையோ மேடை நாடகமோ பயின்றவர்களும் இத்துறைக்கு வருகிறார்கள். ஆனால் பெரிய படப்பிடிப்பு அரங்குகள் கேப் டவுன் பக்கமே மிகுதி என்பதால், கலைப் பிரிவு உதவியாளராகச் சில மாதங்கள் அங்கே தங்கத் தயாராக இருங்கள். வேலை கேட்டுச் செல்லும்போது அழகான ஓவியங்களைவிட, ஒரே அறையை அலங்கரிப்பதற்கு முன்னும் பின்னும் எடுத்த படங்களும், ஒவ்வொரு பொருளையும் ஏன் வைத்தீர்கள் என்ற இரண்டு வரிக் குறிப்பும் அதிகம் பேசும்.

நம் வீடுகளிலிருந்து இரவல் பெறும் குத்துவிளக்கையும் அம்மியையும் வாங்கும்போதே படமெடுத்து, உரியவர் பெயரைச் சீட்டில் எழுதிக் கட்டிவிடுங்கள். படப்பிடிப்பு முடிந்த மறுநாளே, எண்ணெய்ப் பிசுக்கைத் துடைத்து, நீங்களே நேரில் கொண்டுபோய்க் கொடுங்கள். அடுத்த படத்துக்கும் அந்த வீட்டுக் கதவைத்தான் தட்ட வேண்டியிருக்கும்.