ஒரு லேப்டாப், ஒரு பூனை: நான்காம், ஐந்தாம் வகுப்புக்குக் கணினியில் கணக்கு நடத்துவது எப்படி?

சென்னையில் இப்போது பல தொடக்கப்பள்ளிகளில் ஸ்மார்ட் போர்டோ புரொஜெக்டரோ வந்துவிட்டது. அதில் என்ன ஓடுகிறது என்று பார்த்தால், பெரும்பாலும் வீடியோதான். வாய்ப்பாட்டுப் பாட்டு, ஆடும் எண்கள், பேசும் முக்கோணம். பிள்ளைகள் கைதட்டிப் பார்க்கிறார்கள். மணி அடித்ததும் மறந்துவிடுகிறார்கள். மறக்காமல் என்ன செய்வார்கள்? கணக்குப் போட்டதெல்லாம் கம்ப்யூட்டர். பிள்ளை வேடிக்கைதானே பார்த்தது.

இதை அப்படியே திருப்பிப் போடலாம். பிள்ளை சொல்ல வேண்டும், கம்ப்யூட்டர் செய்ய வேண்டும். தப்பாகச் சொன்னால் தப்பாகவே செய்து காட்ட வேண்டும். இது ஒன்றும் புது யோசனை இல்லை. சீமோர் பேப்பர்ட் என்ற கணித அறிஞரும் அவருடன் வேலை செய்தவர்களும் 1967-லேயே குழந்தைகளுக்காக லோகோ என்ற கணினி மொழியை உருவாக்கினார்கள். குழந்தை கட்டளை கொடுக்க, ஆமை ஒன்று கோடு போட்டபடி நகரும். அந்த வழியில் வந்ததுதான் அமெரிக்காவின் எம்.ஐ.டி. பல்கலைக்கழகத்திலிருந்து 2007-இல் வெளியான ஸ்க்ராட்ச். ஆமை போய்ப் பூனை வந்தது. கட்டளைகள் வண்ணக் கட்டைகளாக இருக்கும், மவுஸால் இழுத்து ஒன்றன்கீழ் ஒன்றாக அடுக்கினால் பூனை அதன்படி செய்யும். காசு கிடையாது, பல மொழிகளில் கிடைக்கிறது. அதை வைத்துத்தான் இந்த விளக்கம். கணினி மொழி எதுவும் தெரிந்திருக்க வேண்டியதில்லை. மவுஸ் பிடிக்கத் தெரிந்தால் போதும்.

நான்காம், ஐந்தாம் வகுப்பை மனதில் வைத்து எழுதுகிறேன். ஒன்று முதல் மூன்று வரை மணிச்சட்டமும் புளியங்கொட்டையும் போதும் என்பது என் கட்சி. தமிழக அரசு 2022-இல் தொடங்கிய எண்ணும் எழுத்தும் திட்டத்திலும் அந்த வயதுக்குக் கையால் தொட்டுச் செய்யும் செயல்பாடுகளுக்குத்தான் முக்கிய இடம்.

முதல் படி: ஏற்பாடு

ஒரு லேப்டாப், ஒரு புரொஜெக்டர் அல்லது டிவி, ஒரு வயர்லெஸ் மவுஸ். மவுஸ் அவசியம் வாங்குங்கள். எலெக்ட்ரானிக்ஸ் கடைகள் நிறைந்த ரிச்சி தெருவில் சல்லிசாகக் கிடைக்கும். மவுஸ் பெஞ்சுக்குப் பெஞ்சு போகும்போது வகுப்பே மாறிவிடும். லேப்டாப்பின் முன் உட்கார்ந்திருக்கும் ஒரே ஒரு சுட்டிப் பையனின் ராஜ்ஜியமாக அது இருக்காது.

ஸ்க்ராட்ச் தளத்தில், நிறுவிக்கொள்ளும் வகை ஒன்று உண்டு. வீட்டிலேயே இறக்கி, பென் டிரைவில் எடுத்துப்போய்ப் பள்ளி லேப்டாப்பில் போட்டுவிடுங்கள். பள்ளி வைஃபையை நம்பி நாற்பது நிமிட வகுப்பைத் திட்டமிட வேண்டாம். விண்டோஸ் 10 அல்லது அதற்குப் பிந்தையது இருந்தால் வேலை செய்யும். லினக்ஸ் லேப்டாப் என்றால் நெட் இணைப்போடு பிரவுசரிலேயே திறந்துகொள்ளலாம். செல்போன் திரை இதற்குப் பற்றாது.

திறந்ததும் மேல் பட்டையில் மொழி மாற்றும் இடத்தைத் தேடுங்கள். உலக உருண்டைப் படம் இருக்கும். புதிய வகையில் அது அமைப்புகளுக்குள் போய்விட்டது. பட்டியலில் தமிழ் இருந்தால் தேர்ந்தெடுங்கள், கட்டளைகள் தமிழுக்கு மாறிவிடும்; இல்லாவிட்டால் ஆங்கிலத்திலேயே நடத்தலாம். கட்டளைகளின் சொற்கள் அவ்வப்போது மாறலாம் என்பதால், கீழே நிறத்தையும் எண்ணையும் வைத்தே அடையாளம் சொல்கிறேன். நகர்வுக் கட்டளைகள் நீலம், திரும்பத் திரும்பச் செய்ய வைப்பவை ஆரஞ்சு, கணக்குப் போடுபவை பச்சை.

கோடு போடும் பேனா மட்டும் முதலில் கண்ணில் படாது. இடது பக்கம் அடியில், கூட்டல் குறியோடு ஒரு சின்னப் பொத்தான் இருக்கும். அதை அழுத்தி, வரும் படங்களில் பேனாவைத் தேர்ந்தெடுங்கள். பேனாக் கட்டளைகள் பட்டியலின் கடைசியில் வந்து உட்கார்ந்துவிடும்.

இன்னொன்று: பூனை ரொம்பப் பெரிசு. போட்ட கோட்டையே மறைத்துக்கொண்டு நிற்கும். திரைக்குக் கீழே அதன் அளவு 100 என்று இருக்கும். அதை 25 ஆக்குங்கள்.

இரண்டாம் படி: லேப்டாப்பை மூடிவிட்டு வராண்டாவுக்கு

ஆமாம், மூடிவிட்டுத்தான். ஒரு பிள்ளை பூனை. மற்றவர்கள் கட்டளை கொடுக்க வேண்டும். “நாலு அடி நட”, “வலது பக்கம் திரும்பு”, அவ்வளவுதான் அனுமதி. “அப்படியே அந்தத் தூணுக்குப் போ” என்றால் பூனை அசையக் கூடாது. “திரும்பு” என்றால், “எவ்வளவு?” என்று பூனை கேட்க வேண்டும். செங்கோணம் அளவுக்குத் திரும்பினால் 90 பாகை, நின்ற இடத்திலேயே ஒரு முழுச் சுற்று சுற்றினால் 360 பாகை. இதற்குமேல் கோணத்தைப் பற்றி இப்போது எதுவும் சொல்ல வேண்டாம்.

பூனையாக இருக்கும் பிள்ளை சாக்பீஸால் தரையில் கோடு போட்டபடி ஒரு சதுரம் நடந்து முடிக்கட்டும். மற்றவர்கள் தாங்கள் கொடுத்த கட்டளைகளை நோட்டில் வரிசையாக எழுதட்டும். அந்த நோட்டைத்தான் அடுத்துக் கம்ப்யூட்டரில் ஏற்றப் போகிறோம்.

மூன்றாம் படி: சதுரம்

முதலில் தொடக்க வரிசையை நீங்களே அடுக்கி வைத்துவிடுங்கள். மேலே பச்சைக் கொடி. அதன் கீழ், பேனாவைத் தூக்கு, எக்ஸ் 0 ஒய் 0 என்ற இடத்துக்கு (திரையின் நடு) போ, 90 என்ற திசையை (வலது பக்கம்) பார், எல்லாவற்றையும் அழி, பேனாவை வை. இந்த ஐந்தும் இதே வரிசையில் இருக்க வேண்டும். இல்லாவிட்டால் ஒவ்வொரு முறை ஓட்டும்போதும் படம் எங்கிருந்தோ, எந்தச் சாய்விலோ தொடங்கும். பிள்ளைகள் தங்கள் கணக்குத்தான் தப்பு என்று நினைத்துக்கொள்வார்கள்.

அதற்குக் கீழே பிள்ளைகளின் நோட்டு. 100 அடி நகர், 90 பாகை வலது பக்கம் திரும்பு, மறுபடி 100 அடி, மறுபடி 90. மொத்தம் எட்டுக் கட்டளைகள். எட்டையும் அவர்களே இழுத்து வைக்கட்டும், குறுக்குவழி சொல்லித்தர அவசரப்படாதீர்கள். கொடியை அழுத்தினால் சதுரம் கண் இமைக்கும் நேரத்தில் வந்து நிற்கும். அதுவும் ஒரு சிக்கல்தான், எப்படி வந்தது என்று யாருக்கும் தெரியாது. ஒவ்வொரு திருப்பத்துக்குப் பின்னும் ‘1 நொடி காத்திரு’ என்ற ஆரஞ்சுக் கட்டளையைச் செருகுங்கள்.

செருகும்போதே யாராவது, “ஒரே மாதிரி நாலு வாட்டி வைக்கணுமா மிஸ்?” என்று சலித்துக்கொள்வார்கள். அதற்குத்தான் காத்திருந்தோம். ஆரஞ்சில் 10 என்ற எண்ணோடு வாய் திறந்த ஒரு கட்டளை இருக்கும். உள்ளே எதை வைக்கிறோமோ அதை அத்தனை முறை செய்யும். 10-ஐ 4 ஆக்கி, உள்ளே ஒரே ஒரு நகர்வு, ஒரு திருப்பம், ஒரு காத்திருப்பு. முடிந்தது. இப்போது கேளுங்கள்: பூனை மொத்தம் எத்தனை அடி நடந்தது? 4 × 100. சுற்றளவு என்ற சொல்லைக் கரும்பலகையில் எழுத வேண்டிய இடம் இதுதான்.

நான்காம் படி: முக்கோணம்

இந்தப் படிக்கு ஒரு முழு வகுப்பை ஒதுக்குங்கள்.

சம பக்க முக்கோணத்துக்கு எத்தனை பாகை திரும்ப வேண்டும் என்று கேட்டால், விவரம் தெரிந்த பிள்ளை 60 என்று சொல்லும். டியூஷனில் கேட்டிருக்கும், முக்கோணத்தின் உள்ளே இருப்பது 60 என்பதும் சரிதான். நீங்கள் மறுக்காமல், “சரி, போட்டுப் பாரு” என்று மவுஸைக் கொடுங்கள். 3 முறை, 100 அடி, 60 பாகை. ஓட்டினால் முக்கோணம் வராது. மூன்று கோடுகள் வளைந்து போய், மூடாமல் அந்தரத்தில் நிற்கும்.

இங்கே வாயைத் திறக்காமல் இருப்பதுதான் ஆசிரியரின் வேலை, அது லேசு இல்லை. “3-ஐ 6 ஆக்கிப் பார்க்கலாமா?” என்று ஒரு குரல் வரும். ஆக்கினால் அழகான அறுகோணம். வகுப்பு கூச்சல் போடும். முக்கோணம் கேட்டால் அறுகோணம் எப்படி வந்தது? இன்னொருவர் 100 பாகை வைப்பார், கோடு தொடக்கத்தைத் தாண்டி எங்கோ போய் நிற்கும். 110 வைத்தால் கிட்டே வரும். இப்படித் தட்டுத் தடுமாறி 120-க்கு வந்து சேருவார்கள். கோடு மூடியதும் வரும் சத்தத்தைப் பக்கத்து வகுப்பு ஆசிரியரிடம் முன்கூட்டியே சொல்லி வைத்துவிடுவது நல்லது.

அதன் பிறகுதான் ஏன் என்ற கேள்வி. மறுபடி வராண்டா. சாக்பீஸால் ஒரு முக்கோணம் வரைந்து, ஒரு பிள்ளையை அதன்மேல் நடக்க விடுங்கள். மூலைக்கு வந்ததும் அப்படியே நில் என்று சொல்லி, நேரே போயிருந்தால் எந்தப் பக்கம் போயிருப்பாய் என்று கையை நீட்டச் சொல்லுங்கள். நீட்டிய கையிலிருந்து அடுத்த கோடு வரை உடம்பு எவ்வளவு சுழல்கிறது? அதுதான் திருப்பம். பூனைக்குத் தெரிந்தது அந்த வெளித் திருப்பம் மட்டுமே; முக்கோணத்தின் உள்ளே இருக்கும் கோணம் அதற்குத் தெரியாது. உள்ளே 60, வெளியே 120, இரண்டும் சேர்ந்தால் நேர்கோடு, 180.

பிறகு மயிலாப்பூர்த் தேர். பங்குனியில் கபாலீசுவரர் தேர் நான்கு மாட வீதியும் சுற்றி வருவதைப் பார்த்த பிள்ளை வகுப்பில் ஒன்றாவது இருக்கும். பார்க்காதவர்களுக்குத் தெருவைக் கரும்பலகையில் வரைந்து காட்டலாம். ஒவ்வொரு முனையிலும் கட்டை போட்டுத் தேரை வலது பக்கம் திருப்புகிறார்கள். நான்கு முனை, நான்கு திருப்பம். நிலைக்கு வந்து, கிளம்பிய திசையையே பார்க்கும்போது தேர் ஒரு முழுச் சுற்றுச் சுற்றியிருக்கிறது: 4 × 90 = 360. மாட வீதி மூன்றாக இருந்தால்? ஐந்தாக இருந்தால்? எத்தனை முனை இருந்தாலும் மொத்தத் திருப்பம் 360-தான். அதை எத்தனை முனைக்குப் பங்கு போடுகிறோம் என்பதுதான் கேள்வி. வகுத்தல் தானாக வந்துவிட்டது.

ஐந்தாம் படி: 360-ஐப் பங்கு போடு

நோட்டில் இரண்டு பத்தி. பக்கங்கள் ஒன்றில், திருப்பம் ஒன்றில். 3-க்கு 120, 4-க்கு 90, 5-க்கு 72, 6-க்கு 60, 8-க்கு 45, 9-க்கு 40, 10-க்கு 36, 12-க்கு 30. ஒவ்வொன்றையும் முதலில் நோட்டில் வகுத்த பிறகுதான் மவுஸ் கைக்கு வர வேண்டும். இந்த ஒரு விதியை மட்டும் தளர்த்தாதீர்கள்.

பக்கம் கூடும்போது அடியைக் குறைக்க வேண்டும். ஸ்க்ராட்ச் திரை 480 அகலம், 360 உயரம். பூனை நடுவில் கிளம்பினால் கீழே 180 மட்டும்தான் இருக்கிறது. 12 பக்கத்துக்கு 100 அடி வைத்தால் பூனை ஓரத்தில் முட்டிக்கொண்டு படம் கோணலாகிவிடும். 40 அடி வையுங்கள், அடங்கிவிடும்.

பட்டியலில் 7 இல்லை என்பதை யாராவது கவனிப்பார்கள். கவனிக்காவிட்டால் நீங்களே கேளுங்கள். 360-ஐ 7-ஆல் வகுத்தால் ஈவு 51, மீதி 3. சரி, 51 வைத்தே ஓட்டலாம், பக்கம் 60 அடி. முதலில் பார்த்தால் எழுகோணம் ஒழுங்காக வந்தது போலத்தான் இருக்கும். பூனையைப் பிடித்து நகர்த்திவிட்டு, திரையை முழு அளவுக்குப் பெரிதாக்கிக் காட்டுங்கள். கடைசிக் கோடு தொடங்கிய இடத்தைத் தொடாமல் ஒரு நூல் தூரம் முன்னாலேயே நின்றிருக்கும். 7 × 51 = 357. போகாத அந்த 3 பாகைதான் மீதி. மீதி என்றால் நோட்டின் ஓரத்தில் எழுதிவிட்டு மறந்துபோகிற எண் என்று நினைத்திருந்த பிள்ளை, அது திரையில் ஓர் இடைவெளியாக நிற்பதைக் கண்ணால் பார்க்கிறது. என்னைக் கேட்டால் இந்தப் பாடம் முழுக்கவே இந்த ஒரு படத்துக்காக நடத்தலாம்.

இடைவெளியை மூட வேண்டுமா? பச்சைக் கட்டளைகளில் வகுத்தல் ஒன்று இருக்கிறது. அதில் 360-ஐயும் 7-ஐயும் போட்டு, திருப்பும் எண்ணுக்குப் பதிலாக அதைச் செருகுங்கள். மூடிவிடும். தசமம் இன்னும் நடத்தவில்லை என்றால் விளக்க வேண்டாம். “51-க்கும் 52-க்கும் நடுவில் எண் இருக்கிறது போல” என்று விட்டுவிடலாம்.

ஆறாம் படி: சதுரத்தைச் சுழற்று

வேகமாக முடித்துவிட்டுச் சும்மா இருக்கும் பிள்ளைகளுக்கு இது. 60 அடிச் சதுரத்தின் ஆரஞ்சுக் கட்டளையை அப்படியே இன்னொரு ஆரஞ்சுக்குள் வைத்து, வெளியே 12 முறை, ஒவ்வொரு சதுரத்துக்குப் பின்னும் 30 பாகை. பூப்போல ஒரு வடிவம் வரும். காத்திருக்கும் கட்டளையை எடுத்துவிடுங்கள், இல்லாவிட்டால் வகுப்பே முடிந்துவிடும். பூனை எத்தனை கோடு போட்டது என்று எண்ணாமல் சொல்ல வேண்டும். 12 × 4 என்று சொல்ல யாரும் வாய்ப்பாட்டுப் பாட்டைத் தேடுவதில்லை.

நாற்பது பேருக்கு ஒரு மவுஸ் இருந்தால்

மூன்று மூன்று பேராகப் பிரியுங்கள். ஒருவர் சொல்ல வேண்டும், ஒருவர் நோட்டில் எழுத வேண்டும், ஒருவர் மவுஸ் பிடிக்க வேண்டும். மவுஸ் பிடிப்பவர் சொந்தமாக எதையும் மாற்றக் கூடாது. ஒரு குழு ஓட்டும்போது, படம் மூடுமா மூடாதா என்று மற்ற குழுக்கள் முன்கூட்டியே கை தூக்கிச் சொல்லட்டும். மதிய வெயிலில் புரொஜெக்டர் படம் வெளிறிப் போகும், காலை வகுப்பை வாங்கிக்கொள்ளுங்கள். கரண்ட் போனால் வராண்டா இருக்கவே இருக்கிறது.

வகுப்பு முடிந்ததும் கோப்பைக் குழுவின் பெயரிலேயே சேமித்து வையுங்கள், அடுத்த வாரம் அங்கிருந்தே தொடரலாம். வீட்டுப்பாடமாக இதை எழுதிப் போடுங்கள்: 5 முறை, 150 அடி, 144 பாகை. என்ன வரும் என்று நோட்டில் வரைந்து பார்த்துவிட்டு வர வேண்டும். 5 × 144 எவ்வளவு, அது 360 ஏன் இல்லை என்பதையும் யோசித்துக்கொண்டு வரச் சொல்லுங்கள்.